தங்கை தடவிய நிலம்

இந்தச் சாலையோர மேடைக்குத் தலைமை ஏற்றிருக்கும் தலைமையாசிரியை அவர்களே, முன்வரிசையில் வீற்றிருக்கும் பெரியோர்களே, இடுப்பில் பிள்ளையோடும் கண்ணில் ஐயத்தோடும் நிற்கும் தாய்மார்களே, நான் எப்போது முடிப்பேன் என்று இப்போதே ஏங்கும் இளைஞர்களே, அனைவருக்கும் என் பணிவான வணக்கம்!

பதக்கம் பெற்ற படையதிகாரியைப் பற்றிப் பேச, பாராட்டுகூடப் பெறாத அவருடைய அக்காளை அழைத்திருக்கிறீர்கள். ஏன்? அவர் பேசமாட்டார், நான் நிறுத்தமாட்டேன்! எங்கள் இருவருக்குமாக அம்மா வைத்திருந்த சொற்களை எல்லாம் நானே அள்ளிக்கொண்டு பிறந்துவிட்டேன். பள்ளியில் பாதியிலே நின்றவள்; அடுப்படியில் அகராதியை வைத்துப் படித்தவள். ஆகவே எளிய சொல் எனக்கு எளிதில் வராது, பொறுத்தருள்க!

என் தங்கை படையின் பொறியாளர் பிரிவில் சேர்ந்தாள். நான் என்ன பொருள் கொண்டேன்? பாலம் கட்டுவாள், பாதை போடுவாள்! "எங்க வீட்டுக்கு மாடி எழுப்ப இனிமே கொத்தனாரே வேணாம்" என்று சம்பந்தி வீடு வரை சொல்லிவிட்டேன். பிறகல்லவா தெரிந்தது, அவள் மண்ணில் குப்புறப் படுத்து, மெல்லிய கம்பியால் புதைந்த வெடியைத் தேடுகிறாள் என்று! சிரியுங்கள், நன்றாகச் சிரியுங்கள். அன்று நான் அழுத அழுகைக்கு அது ஈடாகட்டும்.

பதக்கம் எப்படி வந்தது? கண்ணிவெடி நிலத்தின் நடுவே ஒரு சிப்பாய் காலிழந்து கிடந்தார். ஊர்ந்தபடியே, விரல் விரலாக மண்ணைக் குத்திப் பார்த்து, அவரிடம் போனாள். போன தடத்திலேயே அவரை இழுத்து வந்தாள். இந்த உரைக்காக நேற்று அவளை மடக்கினேன்.

"அந்த நேரத்துல நாட்டை நெனச்சியாடி?"

"இல்லக்கா."

"அம்மாவையாவது நெனச்சியா?"

"முழங்கை எரிஞ்சுது. அதைத்தான் நெனச்சேன். நீ ஏதாச்சும் பெருசா எழுதிக்கோ."

எழுதினேன்! எரிமலை என்றேன், இடி என்றேன், ஆழிப்பேரலை என்றேன். வாசித்தும் காட்டினேன். "யாருக்கா இது? ரொம்ப சத்தம் போடுற ஆளா இருக்காளே" என்று கேட்டுவிட்டுத் தேநீர் குடிக்கப் போய்விட்டாள்.

பெரியோர்களே! சாலைக்கு அப்பால் கிடப்பது உங்கள் நிலம். போர் முடிந்தது, வெடிகள் முடியவில்லை. இப்போது அவளும் அவள் பிரிவினரும் அனைத்தையும் அகற்றிவிட்டார்கள். ஒப்படைக்கும் முன் அதிகாரி முன்னே செல்ல, வீரர்கள் தோளோடு தோள் சேர்ந்து நிலம் முழுதும் நடந்து காட்டுவது அவர்கள் வழக்கம். காலையில் நடந்தார்கள், கண்டீர்கள். ஆனாலும் உங்களில் ஒருவரும் அந்த வரப்பைத் தாண்டவில்லை. இம்மண்ணில் காலை இழந்தோர் உங்களிடையே அமர்ந்திருக்கையில், உங்கள் அச்சத்தை நான் பழிப்பேனா? ஆனால் நாளை பிரிவு புறப்படுகிறது. இன்று இறங்காத கால் என்று இறங்கும்? உழாத மண்ணை முள்ளுக்கா தருவீர்கள்?

என்ன பால்காரரே, எழுந்துவிட்டீர்கள்? "அதிகாரியம்மா நடப்பாங்க, அது அவங்க வேலை. நீங்க நடப்பீங்களா?" என்றா கேட்கிறீர்கள்?

நல்ல கேள்வி. நாசமாய்ப் போன நல்ல கேள்வி! இதற்கு நான் பத்தி எழுதி வரவில்லையே! காலையில் அவர்கள் நடந்தபோது மேடையில் முழங்கும் இந்த வீராங்கனை எங்கிருந்தாள்? வண்டிக்குப் பின்னால், கண்ணை இறுக மூடிக்கொண்டு!

அதோ, தங்கை என்னவோ சொல்கிறாள். "அக்கா, வேணாம்க்கா. மேடு பள்ளமா இருக்கு, உனக்கு முட்டி வலிக்கும்."

கேட்டீர்களா? தாய்மார்களே, கேட்டீர்களா? நான் தும்மினாலே பதறுகிறவள் அவள். அந்த நிலத்தில் நான் இறங்குவதற்கு அவள் அஞ்சுவது என் முட்டிக்காக! முட்டிக்காக மட்டும்! இதைவிடவா ஒரு சான்றிதழ் வேண்டும்? இந்த உடம்பைத் தாங்கும் மண் எந்த ஏரைத்தான் தாங்காது?

பால்காரரே, கையைக் கொடுங்கள். படி உயரமாக இருக்கிறது. ஒலிபெருக்கியின் வயர் வரப்பு வரைக்கும் எட்டாது. ஆகவே தலைமைக்கும் தாய்மார்களுக்கும் என் நன்றியை இங்கேயே சொல்லிவிடுகிறேன்.

வணக்கத்தை, நிலத்தின் நடுவில் நின்று சொல்கிறேன்.