மூன்று டேக் நிக்காஹ்

அஸாபே: கையை ஆட்டாதேன்னா ஆட்டாதேடி! இப்பப் பாரு, பூ வரைஞ்சேன், புழுவாப் போச்சு.

லுபாபா: நான் ஆட்டலை அக்கா. அதுவா நடுங்குது.

அஸாபே: அதுவா நடுங்குதாம்! பதினோரு வருஷமா உன் மூஞ்சிக்கு மேக்கப் போடறவ நான். அறுபத்து மூணு படம். பாம்புப் பெட்டிக்குள்ள கையை விடுன்னாங்க, விட்டே. அப்ப நடுங்காத கை, மருதாணிக்கா நடுங்குது?

லுபாபா: அது பல்லு புடுங்கின பாம்பு.

அஸாபே: நாளைக்கு வர்ற மாப்பிள்ளைக்கும் பாதிப் பல்லு கிடையாது. பயப்படாதே. சிரிடி! கானோ பூராவும் பொறாமையில வெந்துக்கிட்டிருக்கு. அல்ஹாஜி தன்லாமின்னா சும்மாவா? துணிக்கடைத் தெருவுல கண்ணை மூடிக்கிட்டுக் கல்லெறிஞ்சா அவர் கடைக் கண்ணாடிதான் உடையும். பன்னண்டு பெட்டி சீர் வந்திருக்கு. தூக்கிட்டு வந்தவன்ல மூணு பேரு இன்னும் நிமிரவே இல்லையாம்.

லுபாபா: அக்கா... கதவு சாத்தியிருக்கா?

அஸாபே: சாத்தித்தான் இருக்கு. ஏன்?

லுபாபா: வெளிய யாருக்கும் கேக்காதே?

அஸாபே: முற்றத்துல நாப்பது பொம்பளைங்க தண்ணித் தொட்டியில சுரைக்குடுக்கையைக் கவுத்துப் போட்டு மேளமாத் தட்டிக்கிட்டிருக்காங்க. நீ இங்க பீரங்கி சுட்டாலும் கேக்காது. என்ன விஷயம்? இரு, இந்தக் காலைப் பிளாஸ்டிக்ல சுத்திடறேன்... ம், சொல்லு.

லுபாபா: காலையில ரேடியோவுல மார்க்கம் படிச்ச ஒரு மாலம் பேசினார். கேட்டீங்களா?

அஸாபே: எங்க ரேடியோவுல பேட்டரி செத்து ஆறு மாசம். என் வீட்டுக்காரர் அதை வெச்சுத்தான் பல்லி அடிக்கிறார். மாலம் என்ன, நடிகைங்க எல்லாம் நரகத்துக்குன்னு சொன்னாரா? அதான் வாராவாரம் சொல்றாங்களே.

லுபாபா: அதில்ல. கல்யாணத்துலயும் தலாக்குலயும் விளையாட்டே கிடையாதாம். விளையாட்டாச் சொன்னாலும் சொன்னது சொன்னதுதானாம்.

அஸாபே: அது தெரிஞ்சதுதானே.

லுபாபா: சினிமாவுல நிக்காஹ் காட்சி எடுக்கறாங்களே... பொண்ணு குடுக்கற ஆளும் நிஜமா, சாட்சியும் நிஜமா இருந்தா, அதுவும் நிக்காஹ்தானாம்.

அஸாபே: அடி போடி! அப்படிப் பாத்தா உனக்கு இதுவரைக்கும் நாப்பது புருஷன். அதுல நாலு பேரு மவுத்தாயிட்டாங்க. போ, அவங்களுக்கு மொதல்ல அழு!

லுபாபா: நாப்பதை விடுங்க. ரமலானுக்கு முன்னால அந்தப் பெரிய மசூதி வாசல்ல எடுத்தோமே... ஹீரோ நூஹுகூட.

அஸாபே: நூஹுகூட... ஆமா. நல்ல காட்சி. டைரக்டர் தத்ரூபமா வேணும் தத்ரூபமா வேணும்னு உயிரை எடுத்தானே.

லுபாபா: அதுல சித்தப்பாவா நடிக்க வேண்டியவர் வரலை.

அஸாபே: வரலை. பல்லு வீங்கிப் பூசணிக்காய் மாதிரி ஆயிட்டாராம். அதனால அன்னிக்குத் தற்செயலா வந்திருந்த உன்... உன்...

லுபாபா: சொந்தச் சித்தப்பா உக்காந்தார்.

அஸாபே: ...மாலம் கர்பா.

லுபாபா: அப்பா மவுத்தான பிறகு என்னைக் குடுக்கற உரிமை அவருக்குத்தான். நாளைக்குக் குடுக்கப் போறவரும் அவர்தான்.

அஸாபே: சுப்ஹானல்லாஹ்... இரு இரு. பதறாதே. இமாமா நடிச்சது நம்ம பாலாதானே? அவன் தொழுது நான் பாத்ததே இல்லை. அவன் ஓதினா ஆட்டுக்குக்கூட நிக்காஹ் ஆகாது.

லுபாபா: பாலா கார் பஞ்சராகி வழியிலயே நின்னுட்டான் அக்கா. அந்த மசூதி இமாமே வந்து உக்காந்தார். மனுஷனுக்கு சினிமான்னே யாரும் சொல்லலை. கேமராவைக் கல்யாண வீடியோன்னு நெனைச்சார். முடிஞ்சதும் எனக்குன்னு தனியா ஒரு துவா.

அஸாபே: சாட்சிங்க? துணை நடிகருங்கதானே?

லுபாபா: தொழுகை முடிஞ்சு வெளிய வந்த ஜனம்.

அஸாபே: ஆமாண்டி... ஞாபகம் வருது. நானூறு பேரு. கல்யாணத்துக்குக் குடுக்கற கோலாக்கொட்டையை வாங்கி வாயில போட்டுக்கிட்டு, நூஹு கையைப் புடிச்சுப் புடிச்சுக் குலுக்கினானுங்க. நான்கூட வேன் ஜன்னல் வழியா ரெண்டு கொட்டை வாங்கினேன். யா அல்லாஹ், நானும் சாட்சியா?

லுபாபா: பொம்பளை சாட்சி ஆகாது.

அஸாபே: அதுவரைக்கும் தப்பிச்சேன். மஹர்? பொண்ணுக்குக் குடுக்கற மஹர் பணம் இல்லாம நிக்காஹ் இல்லைடி! அது அட்டை நோட்டுதானே?

லுபாபா: நூஹு தன் பையில இருந்து எடுத்து வெச்சார். சித்தப்பா அதைக் கொண்டுவந்து என் கையில குடுத்தார்.

அஸாபே: திருப்பிக் குடுத்தியா?

லுபாபா: செருப்பு வாங்கிட்டேன்.

அஸாபே: செருப்பு வாங்கினாளாம்! இதோ மூலையில கிடக்குதே, அதுவா? அதை என் கண்ணுல காட்டாதே.

லுபாபா: ஆனா அக்கா, நான் அங்க இல்லவே இல்லையே. ஆம்பளைங்க மசூதி வாசல்ல உக்காந்திருந்தாங்க. நான் மேக்கப் வேன்ல உங்க பக்கத்துல உக்காந்து மசாப் பணியாரம் தின்னுக்கிட்டிருந்தேன்.

அஸாபே: அடி பைத்தியமே, எந்தக் கல்யாணத்துல பொண்ணு அங்க இருந்தா? நாளைக்கு மட்டும் நீ மசூதிக்கா போகப் போறே? இங்கதான் சோத்தைத் தின்னுக்கிட்டு உக்காந்திருப்பே. ஆம்பளைங்க போய்க் கட்டிட்டு வந்து சொல்லுவாங்க. என் கல்யாணம் நடந்தப்ப நான் தலையில பேன் பாத்துக்கிட்டிருந்தேன்.

லுபாபா: அப்ப... அதுவும் செல்லுமா?

அஸாபே: எத்தனை டேக் எடுத்தாங்க?

லுபாபா: மூணு. வீடியோவுல சரியா விழலைன்னு சொன்னதும் இமாம் மறுபடியும் மறுபடியும் ஓதினார்.

அஸாபே: மூணு தடவை கட்டி வெச்சிருக்காங்க! ஒரு தடவை கட்டினதே எனக்கு இன்னும் அவுக்க முடியலை.

லுபாபா: அக்கா, விளையாடாதீங்க. நாளைக்குப் பதினோரு மணிக்கு மறுபடியும் சித்தப்பா அதே வார்த்தையைச் சொல்லுவார். அதுக்கப்புறம் நான் யாரு? ஒரே நேரத்துல ரெண்டு புருஷன்காரி...

அஸாபே: சத்தம் போடாதே! அந்த வார்த்தையைச் சொல்லாதே. ஷரியா கோர்ட்டு எந்தப் பக்கம்னு ஊர்ல நாய்க்குக்கூடத் தெரியும். அந்தப் படம் எப்ப வருது?

லுபாபா: பெருநாளைக்கு. போஸ்டர் ஒட்டியாச்சு. போஸ்டர்லயே அந்தக் காட்சிதான். சித்தப்பா, நூஹு, இமாம்... எல்லார் மூஞ்சியும்.

அஸாபே: சாட்சியை அடிச்சு செவுத்துல ஒட்டியிருக்கானுங்க! அல்ஹாஜியோட மூத்த பொண்டாட்டிக்குத் தெரிஞ்சுதோ, அவ்வளவுதான். ஏற்கெனவே உன் பேரைக் கேட்டாலே அவளுக்குக் கொதிக்குது. படத்துல நீ மூத்த தாரத்தோட கஞ்சியில சோப்புத் தூளைக் கலந்ததுல இருந்து ஊர்ல ஒருத்தியும் உன்னை நம்பறதில்லை.

லுபாபா: சந்தையில தக்காளிக்காரி எனக்கு இன்னும் தக்காளி விக்கறதில்லை.

அஸாபே: விக்கறதில்லையா? எறியறா! ஆமா... ஒண்ணு கேக்கணும். உன் சித்தப்பா சினிமாவே ஹராம்னு ஆறு வருஷம் உன் வாசப்படி மிதிக்காதவர். அன்னிக்கு மட்டும் எப்படி ஷூட்டிங்குக்கு வந்தார்?

லுபாபா: பக்கத்துத் தெருவுல ஏதோ வேலையாம்.

அஸாபே: தொப்பி, அங்கியெல்லாம் கஞ்சி போட்டு உடுத்திக்கிட்டா?

லுபாபா: வெள்ளிக்கிழமை அக்கா... இப்ப அதுவா முக்கியம்? என்ன பண்றதுன்னு சொல்லுங்க.

அஸாபே: இரு, யோசிக்கிறேன். அப்பாடா... இதுக்குப் போயா நடுங்கினோம்? கட்டினவனே அவுக்கட்டும். நூஹுவுக்குப் போனைப் போடுவோம். ஒரு தலாக் சொல்லச் சொல்லுவோம். ஒரே ஒரு வார்த்தை. தீர்ந்துது.

லுபாபா: வேண்டாம் அக்கா.

அஸாபே: ஏன் வேண்டாம்?

லுபாபா: அவர்... ஷூட்டிங்ல இருப்பார்.

அஸாபே: சொர்க்கத்துல இருந்தாலும் இறங்கி வந்து சொல்லட்டும். உன் போன் எங்க?

லுபாபா: தலைகாணிக்கடியில. ஆனா வேண்டாம், அவர் என்ன சொல்லுவாரோ...

அஸாபே: என்ன சொல்லுவான்? சிரிப்பான். மூஞ்சியைக் காட்டு, போன் திறக்கட்டும்... ம். நூஹு, நூஹு... நூஹுன்னு ஒரு பேரையும் காணோமே?

லுபாபா: தையல்காரர்னு இருக்கும்.

அஸாபே: தையல்காரரா?

லுபாபா: போன் யார் கையிலயாவது மாட்டினா, பெரிய நடிகர் நம்பர்னு தொல்லை பண்ணுவாங்கல்ல... அதான்.

அஸாபே: நல்லாத் தச்சே போ. அடிக்குது. ஸ்பீக்கர்ல போடறேன்.

லுபாபா: அக்கா, என் கையைப் புடிச்சுக்குங்க.

அஸாபே: மருதாணிக் கையையா? தோளைப் புடிச்சுக்கறேன்.

நூஹு: சொல்லு கண்ணு...

அஸாபே: நான் அஸாபே.

நூஹு: ...ஆ! அக்கா! நான்... எல்லாரையும் அப்படித்தான் கூப்பிடறது. எப்படி இருக்கீங்க? வீட்ல எல்லாரும் சுகமா? நான் இங்க ஒட்டகத்து மேல உக்காந்திருக்கேன். வெளிச்சம் வரட்டும்னு ஒரு மணி நேரமா மேலயே வெச்சிருக்கானுங்க.

அஸாபே: ஒட்டகத்து மேல இருந்தே கேளு. மசூதி வாசல்ல லுபாபாவைக் கட்டினியே, ஞாபகம் இருக்கா?

நூஹு: ...யாரு சொன்னா?

அஸாபே: யாரு சொன்னாவா? எடுத்ததே கேமராவுலதானே!

நூஹு: ஓ... அந்தக் காட்சியா. ஆமா ஆமா. படத்துக்காக. ஏன்?

அஸாபே: படத்துக்காகக் கட்டினாலும் கட்டினது கட்டினதுதான்னு மாலம் சொல்லிட்டார். நாளைக்கு இவளுக்கு நிஜக் கல்யாணம். அதனால நீ இப்ப ஒரு தலாக் சொல்லணும். காரணம் கேக்காதே, சொல்லிட்டு ஒட்டகத்தை ஓட்டு.

நூஹு: அவ... பக்கத்துல இருக்காளா?

அஸாபே: இருக்கா. கேட்டுக்கிட்டுத்தான் இருக்கா.

நூஹு: லுபாபா?

லுபாபா: ம்.

நூஹு: நீயா சொல்லச் சொன்னே?

லுபாபா: நான் ஒண்ணும் சொல்லலை. நீங்க என்ன சொல்லணுமோ அதைச் சொல்லுங்க.

நூஹு: பெட்டியெல்லாம் வந்துடுச்சா?

லுபாபா: பன்னண்டு.

நூஹு: பன்னண்டு...

லுபாபா: நாளைக்குப் பதினோரு மணிக்குத்தான் மசூதிக்குப் போறாங்க. நீங்க இருக்கற கடூனால இருந்து கானோ மூணு மணி நேரம்தான்.

நூஹு: நான் இப்ப எப்படி... லுபாபா, என் மாமனார் பணத்துலதான் இந்தப் படமே ஓடுது. உனக்குத் தெரியாததா?

அஸாபே: இவன் மாமனார் பணத்துக்கும் இதுக்கும் என்னடி சம்பந்தம்? டேய் தம்பி, சொல்றியா இல்லையா? மருதாணி காயுது!

நூஹு: அல்ஹாஜி நல்ல மனுஷர். உன்னை நல்லா வெச்சுக்குவார்.

லுபாபா: ம்.

நூஹு: ...லுபாபாவை விட்டேன். ஒரு தலாக்.

அஸாபே: அல்ஹம்துலில்லாஹ்! நான் கேட்டேன், அந்த ஒட்டகமும் கேட்டுது. போதும், வைடா... என்ன, அவனே வெச்சுட்டானா? மரியாதை கெட்டவன். பாத்தியா? ரெண்டே நிமிஷம். இதுக்குப் போய் மூஞ்சியெல்லாம் சாம்பலா வெளுத்துக்கிட்டு... இன்னும் என்ன? ஓ, மறு கல்யாணத்துக்கு முன்னால தவணை இருக்கணுமேன்னு பயமா? அட, அது உனக்குக் கிடையாதுடி. சேர்ந்து வாழ்ந்தவளுக்குத்தான் மூணு மாச இத்தா. அந்த மூணு மாசத்துக்குள்ள 'வா'ன்னு அவன் ஒரு வார்த்தை சொன்னாக்கூட மறுபடியும் அவன் பொண்டாட்டி. உனக்கு அந்த இழுபறியே இல்லை. கேமராவுக்கு முன்னால கட்டினதோட சரி. நாளைக்கே ஜம்முனு அல்ஹாஜி வீட்டுக்குப் போகலாம். கையைக் குடு, அந்தப் புழுவைப் பூவாக்கிடறேன்... ஏண்டி? ஏண்டி இப்படி அழறே? லுபாபா?

லுபாபா: சித்தப்பாவை நாளைக்கு மசூதிக்குப் போக வேண்டாம்னு சொல்லுங்க அக்கா. போனை இங்க வைங்க, என் காதுகிட்ட... எனக்கும் அந்த மூணு மாசம் இருக்கு, அவர் அந்த ஒரு வார்த்தையைச் சொன்னாலும் சொல்லுவார்.