எட்டு எண்ணி மடித்த புடவை

புவனேஸ்வரன்: ...அடுத்து, வந்திருந்தோர். ஒன்று, இயக்குநர் சாண்ட்ரா. சன்னலோரம், தரையில் சம்மணமிட்டு. இரண்டு, செயலாளரும் நடிகருமான புவனேஸ்வரன். மேசை முன், மர நாற்காலியில். மூன்று...

சாண்ட்ரா: அங்கிள், இருக்கிறதே நாம ரெண்டு பேரு. இதுக்கும் மினிட்ஸா?

புவனேஸ்வரன்: முப்பத்தோரு வருஷமா இந்த நாடக மன்றத்துல குறிப்பு இல்லாம ஒரு ஒத்திகை நடந்ததில்ல. மூன்று, எதிர் நாற்காலி. காலி.

சாண்ட்ரா: காலி நாற்காலிய எல்லாம் யாராவது எழுதுவாங்களா?

புவனேஸ்வரன்: இருக்கிறத எழுதணும்லா. நாற்காலி இருக்குதே.

சாண்ட்ரா: இருந்து என்ன, அதுல யாரையும் உக்கார விடமாட்றீங்க. மூணு மாசமா நான் தரையில கெடக்கேன். சரி, எதுக்கு என்னை மூணு மணிக்கே வரச் சொன்னீங்க? கெல்வினும் குமுதாவும் ஃபேக்டரியில ஓ.டி. முடிச்சு பாயான் லெப்பாஸ்லருந்து வர அஞ்சு ஆயிடும். வெள்ளிக்கிழமை நாடகம். எனக்கு லைட் வேலை அப்படியே கெடக்கு.

புவனேஸ்வரன்: ஒரு தப்பு நடந்துபோச்சு.

சாண்ட்ரா: வசனம் மறந்துடுச்சா?

புவனேஸ்வரன்: எனக்கா? கேட்டுப் பாரு, குமுதா வசனத்தையும் சேத்து ஒப்பிக்கிறேன். இது வேற. போன ஞாயிறு, கடிதக் காட்சி. நீ என்ன சொன்னே?

சாண்ட்ரா: வெறும் தாள்ல பேனாவ ஆட்டாதீங்க, நெசமாவே எழுதுங்கன்னேன். நாடகத்துல வர்ற பெரியவரு பழைய கூட்டாளிக்கு எழுதுறாரு. உங்களுக்கும் அப்படி ஒருத்தர் இருந்தா அவருக்கே எழுதுங்க...

புவனேஸ்வரன்: அதுக்கு முன்னால ஒரு மந்திரம் சொன்னியே.

சாண்ட்ரா: மந்திரம் இல்ல, பயிற்சி. 'இது நடந்துடுச்சுன்னு வெச்சுக்குங்க. பிறகு உங்க உடம்பு என்ன செய்யுதுன்னு பாருங்க.' கிண்டல் பண்ணாதீங்க. அன்னிக்குத்தான் அந்தக் காட்சிக்கு உயிர் வந்துச்சு. ஒரு வரியில உங்க பேனா அப்படியே நின்னுடுச்சு.

புவனேஸ்வரன்: பேனாவுல மை தீந்துபோச்சு. அதான்.

சாண்ட்ரா: ஆமா ஆமா. ஒண்ணரைப் பக்கம் மை இல்லாமத்தான் எழுதினீங்க.

புவனேஸ்வரன்: ...அந்தக் கடிதம் போயிடுச்சு.

சாண்ட்ரா: காணாமப் போயிடுச்சா?

புவனேஸ்வரன்: தபால்ல போயிடுச்சு. இந்த மேசையிலதான் வெச்சிருந்தேன். கூட்டிப் பெருக்க வந்த ஆயிஷா, மறந்து வெச்சுட்டாங்கன்னு நெனச்சுப் பெட்டியில போட்டிருக்கும். நல்ல மனசு அதுக்கு.

சாண்ட்ரா: ஆயிஷா அக்காவா?

புவனேஸ்வரன்: வேற யாரு?

சாண்ட்ரா: ...ஸ்டாம்பு இல்லாமலா?

புவனேஸ்வரன்: ஒட்டியிருந்தேன். மேல்விலாசமும் எழுதியிருந்தேன்.

சாண்ட்ரா: அய்யோ, நாடகத்துக்கு எழுதின உறைக்கு யாரு அங்கிள் நெச ஸ்டாம்பு ஒட்டுவாங்க!

புவனேஸ்வரன்: எல்லாம் நெசமா இருக்கணும்னு நீதானே சொன்னே? அரைகுறையாக் கடிதம் எழுத எனக்கு வராது. தேதி, இடம், மேல்விலாசம், ஸ்டாம்பு. அதோடதான் அது கடிதம்.

சாண்ட்ரா: யாருக்கு?

புவனேஸ்வரன்: பழனியப்பனுக்கு. பாலிக் புலாவ்ல இருக்கான்.

சாண்ட்ரா: சுவத்துல தொங்குற படத்துல உங்க தோள்ல கை போட்டு நிக்கிறாரே, அந்த மீசைக்காரரா? உங்களோட சேர்ந்து மன்றம் ஆரம்பிச்சவரு?

புவனேஸ்வரன்: அவன்தான். பதினோரு வருஷமாப் பேச்சுவார்த்தை இல்ல.

சாண்ட்ரா: ...பதில் வந்துச்சா?

புவனேஸ்வரன்: புதன்கிழமையே போய்ச் சேந்திருக்கும். அன்னியிலருந்து போஸ்ட்மேன் மோட்டார் சத்தம் கேட்டா எந்திரிச்சுப் போய்ப் பாக்குறேன். பெட்டியில பீசா விளம்பரம்.

சாண்ட்ரா: இப்ப நான் என்ன செய்யணும்?

புவனேஸ்வரன்: மறுப்புக் கடிதம் எழுதியிருக்கேன். இயக்குநர்ங்கிற முறையில நீ சாட்சிக் கையெழுத்துப் போடு. கேளு. "அன்புள்ள பழனியப்பனுக்கு, நலம், நலமறிய ஆவல். சென்ற ஞாயிறு தேதியிட்டு உமக்கு வந்திருக்கும் கடிதம், நாடக ஒத்திகையின் பொருட்டு எழுதப்பட்டது. தவறுதலாகத் தபாலில் சேர்ந்துவிட்டது. அதில் கண்ட செய்திகளைப் பொருட்படுத்த வேண்டாம். இப்படிக்கு..."

சாண்ட்ரா: தண்ணி பில்லு மாதிரி இருக்கு.

புவனேஸ்வரன்: தெளிவா இருக்கா இல்லியா?

சாண்ட்ரா: அந்த 'கண்ட செய்திகள்' என்ன? அது தெரியாம நான் எதுக்குச் சாட்சி போடுறது?

புவனேஸ்வரன்: அது வேண்டாம்.

சாண்ட்ரா: அப்ப கையெழுத்தும் வேண்டாம்.

புவனேஸ்வரன்: ...சொல்ல வரலம்மா. வாயத் திறந்தா 'நான்'ல நிக்குது.

சாண்ட்ரா: அப்ப 'நான்'ங்கிறத விட்டுடுங்க. 'அவர்'னு சொல்லுங்க. யாரோ ஒரு ஆளு கதைய, தள்ளி நின்னு பாத்தவரு மாதிரி. ஐரோப்பாவுல நடிகருங்களுக்கு இப்படி ஒரு பயிற்சி இருக்கு.

புவனேஸ்வரன்: ஐரோப்பாவா! நம்ம கூத்துல ராஜா வேஷக்காரன், 'ராஜா வந்தாரே'ன்னு தன்னைப் பத்தித் தானே பாடிக்கிட்டு வருவான். அதத்தான் நீ யூனிவர்சிட்டியில நாலு வருஷம் படிச்சியா?

சாண்ட்ரா: சரி, நீங்கதான் ராஜா. பாடுங்க.

புவனேஸ்வரன்: ...ஜார்ஜ் டவுனில் புவனேஸ்வரன் என்று ஒருவர் இருந்தார். தாசேக் கெலுகோர் தமிழ்ப்பள்ளியில் படித்தவர். உள்ளே இருப்பது உடம்பில் தெரிவதுதான் மெய்ப்பாடு, அது எட்டு வகை என்று அங்கே ஒரு வாத்தியார் விரல்விட்டு எண்ண வைத்தார். இவர் அந்த எட்டைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். மேடையில் எட்டு எண்ணித் திரும்ப வேண்டும், எட்டு எண்ணி உட்கார வேண்டும் என்று மன்றத்துக்கே சட்டம் போட்டார். நடிப்பவன் எண்ண வேண்டும், பார்ப்பவன் அழ வேண்டும். அதுதான் அவர் கொள்கை.

சாண்ட்ரா: அத மாத்துறதுக்குள்ள எனக்கு மூச்சு முட்டிடுச்சு.

புவனேஸ்வரன்: ராஜா பாடுறப்ப குறுக்க பேசாதே. அந்தக் கொள்கையில என்ன தப்பு? உன் முறைப்படி நெசமா அழுதா, நாடகம் முடிஞ்ச பிறகு அந்த அழுகைய எங்க கொண்டுபோய் வெக்கிறது? குமுதாவுக்குப் புருஷன் இருக்கான். கெல்வினுக்கு அம்மா இருக்கு. கல்யாணம் காட்சி இல்லாத ஆளு நான், பிளாட்டுக்குப் போய் சுவத்துக்கிட்டயா அழறது?

சாண்ட்ரா: ...'நான்'னு வந்துடுச்சு அங்கிள்.

புவனேஸ்வரன்: வந்துடுச்சா? சரி... பழனியப்பனுக்கு எண்ணிக்கை வாயில் நிற்கும், கையில் நிற்காது. ஆனாலும் இரண்டு பேரும் நகமும் சதையும். ஞாயிற்றுக்கிழமைச் சோறு புவனேஸ்வரனுக்கு அந்த வீட்டில்தான். பழனியப்பன் மனைவி நல்லம்மாள் இவருக்கென்று ஒரு தட்டே தனியாக வைத்திருந்தார். அப்போது ஒரு நாடகம். அதில் பழனியப்பனுக்கு ஒரு சின்னக் காட்சி. செத்துப்போன மனைவியின் புடவையை மடித்துப் பெட்டியில் வைக்க வேண்டும். எட்டு எண்ணிக்கை. நாடகத்துக்குப் பதினெட்டு நாள் இருக்கும்போது நல்லம்மாள் தவறிவிட்டார்.

சாண்ட்ரா: நெசமாவா? நாடகத்த நிறுத்தலியா?

புவனேஸ்வரன்: நிறுத்தலாம் என்றுதான் இவர் சொன்னார். பழனியப்பன் கேட்கவில்லை, வருகிறேன் என்றார். வந்தார். புடவையைக் கையில் எடுத்தார். எட்டு போயிற்று. பதினாறு போயிற்று. புடவையை மடியில் போட்டுக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். அழுதார். வேஷக்காரன் அழுகை இல்லை, மூக்கு ஒழுகுகிற அழுகை. சபையில் ஒரு இருமல்கூட இல்லை.

சாண்ட்ரா: அங்கிள்... அதத்தானே நான் மூணு மாசமாத் தேடுறேன்!

புவனேஸ்வரன்: புவனேஸ்வரனுக்கு அது தெரியவில்லை. பக்கத்து வீட்டுக்காரர் வேஷம் அவருக்கு. தன் முறை வருமுன்பே உள்ளே போனார். புடவையைப் பிடுங்கினார். மடித்தார். பெட்டியில் வைத்து மூடினார். சபை கைதட்டியது.

சாண்ட்ரா: பிடுங்கினாரா?

புவனேஸ்வரன்: வாங்கினார் என்று இத்தனை வருஷம் சொல்லிக்கொண்டிருந்தார். பிடுங்கினார். பிறகு வேஷம் கலைக்கிற இடத்தில், எல்லாரும் நிற்க, "இது மேடை, கருமாதி வீடு இல்ல" என்றார்.

சாண்ட்ரா: அதுக்கு அவரு என்ன செஞ்சாரு?

புவனேஸ்வரன்: பழனியப்பன் முகத்தைக் கழுவினார். பவுடர் ஒரு காதோரம் போகவில்லை, அப்படியே படியிறங்கிப் போனார். பிறகு இந்தப் படி ஏறவில்லை. பாலிக் புலாவில் அண்ணன் மகனுடைய ஜாதிக்காய்த் தோட்டத்தில் இருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை காலையில் புவனேஸ்வரன் பஸ் ஏறுவார். தோட்டத்து கேட் பஸ்ஸிலிருந்தே தெரியும். பச்சை பெயிண்ட். இறங்கமாட்டார். கடைசி ஸ்டாப் வரை போய், அதே பஸ்ஸில் திரும்பிவிடுவார்.

சாண்ட்ரா: எத்தன தடவ?

புவனேஸ்வரன்: எண்ணல.

சாண்ட்ரா: நீங்க எண்ணாத விஷயம் ஒண்ணு இருக்கா!... கடிதத்துல மன்னிப்புக் கேட்டீங்களா?

புவனேஸ்வரன்: கேட்டேன். அத மறுக்கணும்னு இல்ல. அதுக்குக் கீழ ஒண்ணு எழுதிட்டேன்.

சாண்ட்ரா: தள்ளி நின்னே சொல்லுங்க.

புவனேஸ்வரன்: புவனேஸ்வரன் அன்றைக்கு எட்டு எண்ணவில்லை. ஐந்துதான் எண்ணினார். ஆறாவது மடிப்பில் கண் தெரியவில்லை. அது மன்றத்துப் புடவை இல்லை. பழனியப்பன் வீட்டிலிருந்து கொண்டுவந்த நல்லம்மாள் புடவை. மூட்டு வலிக்கு அந்த அம்மா தேய்க்கிற ஜாதிக்காய்த் தைல வாசம் அப்படியே இருந்தது. அந்தக் கையால் எத்தனை ஞாயிறு சோறு வாங்கித் தின்றவர் இவர். பெட்டியை மூடாமல் இருந்திருந்தால், பழனியப்பன் பக்கத்தில் அவரும் உட்கார்ந்திருப்பார்.

சாண்ட்ரா: அவரும்?

புவனேஸ்வரன்: ...நானும். அவன் மட்டும் அழுதுட்டான். எனக்கு அது பொறுக்கல. அதான் அந்த வார்த்தை வந்துச்சு. கொள்கை கிள்கை எல்லாம் பிறகு ஒட்ட வெச்சது.

சாண்ட்ரா: இதப் போயா பொருட்படுத்த வேண்டாம்னு எழுதுறீங்க?

புவனேஸ்வரன்: பேனா குடு. இது நெசமாவே மை தீந்துபோச்சு.

சாண்ட்ரா: இந்தாங்க... 'தவறுதலாகத் தபாலில் சேர்ந்துவிட்டது', அதையுமா அடிக்கிறீங்க?

புவனேஸ்வரன்: அது வேண்டாம். கேளு. "அந்தக் கடிதம் ஒத்திகையில் எழுதியது. ஒத்திகையில் பொய் எழுதும் பழக்கம் எனக்கில்லை. வெள்ளிக்கிழமை மாலை ஏழு மணிக்கு நாடகம். இங்கே ஒரு நாற்காலியை ஒவ்வொரு கூட்டக் குறிப்பிலும் காலி என்று எழுதி வருகிறேன்."

சாண்ட்ரா: வரச் சொல்லலியே?

புவனேஸ்வரன்: அவனுக்குப் புரியும்.

சாண்ட்ரா: பதினோரு வருஷம் புரிஞ்ச லட்சணம்தான் தெரியுதே. எழுதுங்க லா.

புவனேஸ்வரன்: ..."வா." போதுமா?

சாண்ட்ரா: போதும். நான் சாட்சி போடவா?

புவனேஸ்வரன்: இதுக்குச் சாட்சி எதுக்கு? நீ போய் சன்னலச் சாத்து, மழை இருட்டிக்கிட்டு வருது. நான் மடிச்சு ஒட்டிடுறேன்.

சாண்ட்ரா: ஒட்டியாச்சா? வாங்க, மழைக்கு முன்னால போட்டுட்டு வந்துடலாம். படியில பாத்து இறங்குங்க. உறைய எங்கிட்ட குடுங்க.

புவனேஸ்வரன்: பத்திரம்.

சாண்ட்ரா: முனையில இருக்கிற இந்தச் செவப்புப் பெட்டி தானே? ...என்ன அங்கிள், இவ்வளவு கனமா இருக்கு? ஒரு தாள்தானே எழுதினீங்க?

புவனேஸ்வரன்: நல்ல தாளு. கொண்டா.

சாண்ட்ரா: போடுங்க. எட்டு எண்ணவா?

புவனேஸ்வரன்: சும்மா இரு. ...விழுந்துடுச்சு.

சாண்ட்ரா: கேட்டுச்சு. இனிமே கைய விட்டு எடுக்க முடியாது, அதனால இப்பக் கேக்குறேன். ஆயிஷா அக்கா போன வாரம் சனிக்கிழமையே மக பிரசவத்துக்கு அலோர் ஸ்டார் போயிட்டாங்க. மறுநாள் ஞாயிறு இந்த மாடியக் கூட்டினது நான்தான். மேசையில உறையே இல்ல. நீங்க அத சட்டைப் பையில வெச்சத இந்தக் கண்ணால பாத்தேன்.

புவனேஸ்வரன்: அப்பவே ஏன் கேக்கல?

சாண்ட்ரா: கேட்டா நீங்க நிறுத்தியிருப்பீங்க.

புவனேஸ்வரன்: ...நீதானம்மா சொன்னே. நடந்துடுச்சுன்னு வெச்சுக்க, உடம்பு என்ன செய்யுதுன்னு பாருன்னு. கடிதம் போயிடுச்சுன்னு வெச்சுக்கிட்டு ஒரு வாரம் வீட்டுல இருந்து பாத்தேன். உடம்பு தாங்குச்சு. அதான் அந்தக் கடிதத்தையும் இதையும் ஒரே உறையில வெச்சு ஒட்டிட்டேன்.