மூலை பிரியாத பெட்டி

மேடையில் அமர்ந்திருக்கும் இயக்குநர் ஆறுமுகசாமி ஐயா அவர்களே, பேராசிரியப் பெருமக்களே, எப்போதும்வென்றான் கிராமத்தில் இருந்து பஸ் பிடித்து வந்திருக்கும் நர்சம்மா நேசம்மாள் அவர்களே, மண்டபம் நிறைந்திருக்கும் கோவில்பட்டி மக்களே, எல்லோருக்கும் இந்தக் கொம்பையாவின் கும்பிடு.

பல்கலைக்கழகத்தின் இந்த ஊர் ஆய்வு மையத்தில் பதினாலு வருசமாகக் கண்ணாடிக் குழாய் கழுவுகிறவன் நான். படிப்பு ஐந்தாம் வகுப்பு, அதிலும் பாதி நாள் போகவில்லை. மறைந்த பேராசிரியர் முனைவர் பத்திரகாளி அம்மையாரைப் பற்றிப் படித்தவர்கள் இவ்வளவு நேரம் பேசினார்கள். பாதி இங்கிலீஷ். அழ வந்தவர்கள்கூடக் கொஞ்சம் கண்ணசந்துவிட்டார்கள். என்னிடம் இரண்டே விசயம். ஒரு குற்றம், ஒரு நல்ல சேதி.

அம்மையார் என்ன வேலை பார்த்தார்? புரதத்தை மாற்றி அமைக்கிற வேலை. புரதம் என்றதும் எனக்கு முட்டைதான் தெரியும். "இம்புட்டுப் படிச்சது ஆம்லேட் போடவா டாக்டரம்மா?" என்று கேட்டுவிட்டேன். கோபப்பட்டாரா? பெயர்தான் பத்திரகாளி, ஈயைக்கூட அதட்டத் தெரியாது. "சரியாத்தான் கேக்குதீங்க அண்ணாச்சி. சூடு பட்டா முட்டை கெட்டியாகுதுல்லா? அப்படி ஆகாத ஒண்ணு எனக்கு வேணும்" என்றார்.

எதற்கு? இதோ, நர்சம்மாவைக் கேளுங்கள். தொண்ணூற்றொன்று சித்திரையில் அம்மையார் இவருடைய சுகாதார நிலையத்துக்குப் போனார். இரத்தத்தில் சர்க்கரை பார்க்கும் மருந்தை ஈர மணல் நிரப்பிய பானையில் புதைத்து வைத்திருந்தார் இவர். கரண்டு இருந்தால்தானே ஃபிரிட்ஜ்? அப்படியும் மருந்திலுள்ள புரதம் சூட்டில் கெட்டு, சர்க்கரை இருக்கிறவருக்கும் இல்லை என்று காட்டியது. "ஒண்ணுமில்லன்னு சொல்லி அனுப்புனேன் மேடம். அவிய இப்ப ஒத்தக் காலோட வந்து நிக்காவ" என்று நேசம்மாள் அழுதார். "ஐஸ் வேண்டாத மருந்து ஒண்ணு கொண்டாரேன். அதுவரைக்கும் பானையை விட்டுராதீங்க" என்று வாக்குக் கொடுத்தார் பத்திரகாளி அம்மையார்.

அந்த ஒரு வாக்குக்குப் பதிமூன்று வருசம். நான் முன்பு தீப்பெட்டி ஆபீசில், அதாவது தீப்பெட்டித் தொழிற்சாலையில் இருந்தவன் என்று தெரிந்து, ஒருநாள் ஒரு காலிப் பெட்டியை என் கையில் கொடுத்தார்.

"அண்ணாச்சி, இது வெயில்ல கிடந்தா எங்கன முதல்ல பிரியும்?"

"மூலைலதான். பசை விட்டுரும்."

"அப்ப என்ன செய்வீய?"

"முதல்ல ஃபோர்மேனைத் திட்டுவோம். பெறவு மூலைல ரெண்டு ஒட்டு கூடப் போடுவோம்."

சிரித்துக்கொண்டே நோட்டில் எழுதினார். புரதமும் மடித்த பெட்டி மாதிரிதானாம். மூலை பிரிந்தால் வேலை செய்யாதாம். பிரிகிற மூலையைத் தேடித் தேடி ஒட்டுப் போட்டதுதான் அவர் வாழ்க்கை. அன்று முதல் நானும் விஞ்ஞானி என்று வீட்டில் சொல்லிவருகிறேன். என் மனைவி வெயிலம்மாள் இன்னும் நம்பவில்லை.

கடைசியாகப் பன்னிரண்டு குழாய் மருந்து தயார் செய்தார். ஃபிரீசரில் வைத்து, "திங்கக்கிழமை சோதிச்சிருவோம்" என்றார். வெள்ளிக்கிழமை காலை நெஞ்சுவலியில் போய்விட்டார். மையத்தைப் பூட்டச் சொன்னார்கள். பூட்டினேன். எப்படிப் பூட்டினேன்? ஃபிரீசருக்குத் தனி சுவிட்ச் உண்டு. அதை விட்டுவிட்டு மற்றதை அணைப்பதுதான் வழக்கம். அன்று கண் நிறையத் தண்ணீர். கை பழைய கையாகிவிட்டது. தீப்பெட்டி ஆபீசில் கடைசியாக வெளியேறுகிறவன் மெயின் சுவிட்சையே இறக்க வேண்டும், ஒரு பொறி போதும் எல்லாம் போக. பன்னிரண்டு வருசம் செய்து பழகிய கை. மெயினை இறக்கிவிட்டு இடுகாட்டுக்குப் போனேன்.

திங்கட்கிழமை ஆய்வு மாணவி ஜீனாதான் கதவைத் திறந்தது. மூன்று நாள், நூற்று நாலு டிகிரி. ஃபிரீசர் அடியில் தண்ணீர் தேங்கிக் கிடந்தது.

"அண்ணாச்சி, மெயினை யாரு இறக்குனா?"

"நான்தாம்மா."

அந்தப் பிள்ளை குனிந்து தண்ணீரைத் துடைக்க ஆரம்பித்தது. திட்டியிருந்தால் தேவலை. மறுபடி செய்யலாம் என்றால் செய்த கை எங்கே இருக்கிறது? பதிமூன்று வருசத்தை ஒரே இழுப்பில் இறக்கியவன் நான். பத்து நாள் சோறு உள்ளே போகவில்லை. நான் கேலி பேசவில்லை என்றதும் வெயிலம்மாள் பயந்து டாக்டரிடம் கூட்டிப்போனாள்.

ஜீனா எதையும் கொட்டவில்லை. ஒவ்வொன்றாகச் சோதித்தார். ஒட்டுப் போடாத பழைய குழாய்கள் எல்லாம் செத்திருந்தன, சர்க்கரைத் தண்ணீரில் விட்டால் ரோஸ் நிறம் வர வேண்டும், வரவில்லை. கடைசிப் பன்னிரண்டு? ரோஸ் நிறம். பன்னிரண்டும் ரோஸ் நிறம். நம்பாமல் வெளியூர்ச் சோதனைக்கூடத்துக்கு அனுப்பினார். நேற்றுச் சாயங்காலம் பதில் வந்தது. அங்கேயும் ரோஸ்தான். "மூணு நாள் வெயில்ல போட மேடத்துக்கே மனசு வந்திருக்காது அண்ணாச்சி. நீங்க போட்டுட்டீங்க" என்று ஜீனா அழுதுகொண்டே சிரித்தார். நேற்று இராத்திரி நான் மூன்று தட்டு சோறு சாப்பிட்டேன்.

இரங்கல் கூட்டத்தில் இவன் பல்லைக் காட்டுகிறானே என்று நினைக்காதீர்கள். என் கை கெடுத்ததை அவர் கை முன்கூட்டியே சரிசெய்து வைத்திருக்கிறது. அந்த நிம்மதியை எங்கே கொண்டுபோய் ஒளிக்க? இயக்குநர் ஐயா, மெமோ கொடுப்பதாக இருந்தால் கொடுங்கள், இரண்டு கையாலும் வாங்கிக்கொள்கிறேன். புதன்கிழமைக்கு அப்புறம் கொடுங்கள்.

புதன்கிழமை எனக்கு வேலை இருக்கிறது. பத்திரகாளி அம்மையாரின் பணியை ஜீனா தொடர்வார். குழாய் கழுவ நான் இருக்கிறேன். நேசம்மாள் அவர்களே, அவர் கொடுத்த வாக்கு அன்றைக்கு உங்கள் வாசலுக்கு வருகிறது. ஐஸ் பெட்டி கிடையாது. மத்தியான பஸ்ஸில், என் சட்டைப் பையில் வைத்துக் கொண்டுவருகிறேன். அந்தப் பானையிலிருந்து மணலைக் கொட்டிவிட்டு, குடிதண்ணீர் ஊற்றி வையுங்கள். மருந்து வெயில் தாங்கும், நான் தாங்க மாட்டேன்.