தண்டு நறுக்கிய காளான்

– மொகத்துக்கு நேரா நீட்டாத மைனி. அந்த வாடையே எனக்கு ஆகலை.

– மூக்கைப் பொத்திக்க பேச்சி, கண்ணு தொறந்துதான இருக்கு. பாத்துச் சொல்லு. தூத்துக்குடி பெரியாஸ்பத்திரியில எம் புருசன் கொடலைக் கக்கிட்டுக் கெடக்காரு. என்ன காளான்னு தெரியாம எந்த மருந்தைக் குடுக்கன்னு டாக்டர் கேக்காரு.

– இன்னுமா கக்குதாரு ராமரண்ணன்?

– இன்னுமான்னா? ஒனக்கு எப்பத் தெரியும்?

– ஊரே பேசுதே வடிவு மைனி. நேத்து நீ வாடகைக் கார்ல தூக்கிப் போட்டுட்டுப் போனதை ஆரு பாக்கலை?

– சரி. நேத்துக் காலையில திருச்செந்தூர்லருந்து வந்து எறங்குதேன், நடையில சுருண்டு கெடக்காரு. காளான்னு ஒரு சொல்லுதான் சொன்னாரு. இந்தா, முடிச்சை அவுத்துட்டேன். பரம்பு மேட்டுல எந்தப் புத்துல என்னைக்குக் காளான் பூக்கும்னு ஆதிச்சநல்லூர்ல ஒன்னை விட்டா ஆருக்குத் தெரியும்? எனக்கே இத்தனை வருசமா எடத்தைக் காட்ட மாட்டேங்க.

– காட்டினா நீ முந்திப் போயிருவல்லா. என்னது, இது வெறும் தண்டால்லா இருக்கு. குடை எங்க?

– குடை இல்ல. தண்டை வச்சுச் சொல்ல முடியாதா?

– தண்டை வச்சுத்தான் சொல்லவே முடியும், பாத்துக்கோ. வெட்டிப் போட்ட குடையைப் பாத்தா நல்லதும் கெட்டதும் ஒரு தாய் பெத்த பிள்ளையாட்டம் இருக்கும். புத்துக்காளானுக்கு உச்சியில மூக்கு உண்டு, தோலை உரிச்சா அதுவும் போயிரும். அடியில எலிவால் கணக்கா வேரு, புத்துக்குள்ள கரையான் கூடு வரைக்கும் போவும். மண்ணைக் கிண்டி மெதுவா இழுத்தாத்தான் முழுசா வரும்.

– இதுல வேரு இருக்கா?

– எங்க இருக்கு? அடி பூண்டு மாதிரி குண்டா இருக்கு. கழுத்துல பாரு, வளையம். மோதிரம் போட்டாப்புல. தள்ளினா மேலயும் கீழயும் நகருது. நம்ம பரம்புக் காளான் மோதிரம் போடாது.

– அப்ப இது எது?

– பேய்க்காளான். எருக்கெடங்கு ஓரத்துல, மாடு கெட்டுத எடத்துல, புல்லுக்குள்ள முளைக்கும். விரிஞ்சு ரெண்டு நாளானா குடைக்கு அடியில இருக்குத மடிப்பு பாசி பிடிச்சாப்புல பச்சையாவும். அதுவரைக்கும் வெள்ளையாத்தான் இருக்கும். அங்கதான் ஏமாத்தும்.

– ஆளைக் கொல்லுமா?

– இது கொடலைப் பெரட்டும். கொல்லுதது வேற ஒண்ணு, அதுக்கு அடிமூட்டுல முட்டை ஓடு கணக்கா பை இருக்கும். அதைத் தின்னா அன்னைக்கு ஆடிக்கிட்டுத் திரியலாம், நாலாம் நாள் ஆளைத் தூக்கும். இதுல பை இல்ல மைனி, பயப்படாத. ஒனக்கு இது எங்க கெடைச்சுது?

– எங்க வீட்டுப் பொறவாசல்ல, வாழை மூட்டுல. அருவாமணையில நறுக்கிக் குவிச்சிருந்துச்சு.

– ராமரண்ணனா நறுக்கினாரு?

– வேற ஆரு நறுக்குவா? நான் சஷ்டிக்குத் திருச்செந்தூர்லல்லா இருந்தேன். பிள்ளை வரம் கேட்டு முருகன் சன்னதியில பாலும் பழமுமாக் கெடந்தேன். சூரசம்காரம் பாத்துட்டுத்தான் வாரேன்.

– அவுக எதுக்குத் தண்டை வெட்டணும்? தண்டோட கொண்டாந்திருந்தா...

– எங்க கொண்டாந்திருந்தா பேச்சி?

– வீட்டுக்குத்தான். சட்டியில போடுததுக்கு முந்தி விவரம் தெரிஞ்சவுக ஆராவது பாத்திருப்பாகல்லா.

– அதான் எனக்கு விளங்கலை. எங்க வீட்டுல ஒரு சட்டி அழுக்காகலை. அடுப்புச் சாம்பல்ல பூனை படுத்துத் தூங்குது. தண்டு எங்க வீட்டுல கெடக்கு. குடை எங்க வெந்துச்சு?

– எனக்கு எப்படித் தெரியும்? கிளப்புக்கடையில குடுத்து ஆக்கச் சொல்லியிருப்பாரு.

– ஞானபாய் கிளப்புக்கடையில கேட்டுட்டுத்தான் வாரேன். தெனமும் அங்கதான் இட்லி தின்னாராம். முந்தாநாள் சாயங்காலம் மட்டும் ஆளைக் காணலையாம்.

– மைனி, எனக்குத் தலை சுத்துது. பொறவு பேசலாம்.

– உக்காரு. தண்ணி குடி. உதடு வெடிச்சுக் கெடக்கு, கண்ணு குழிஞ்சிருக்கு. ஒனக்கு என்னத்துக்கு வயிறு பெரட்டுது?

– ஆத்துல புதுத்தண்ணி வருதுல்லா. எனக்குச் சேரலை.

– சரி. டாக்டர் இன்னொண்ணும் கேட்டாரு. எத்தனை மணிக்குத் தின்னாரு, எவ்வளவு தின்னாரு, எவ்வளவு நேரம் வெந்துச்சு. அது தெரியாம ஈரல் தாங்குமா தாங்காதான்னு சொல்ல முடியாதாம். மத்தியானத்துக்குள்ள தெரியணுமாம். புதுக்கோட்டை வழியாப் போற பஸ்ஸு வாரதுக்கு நேரமாச்சு. தெரியலைன்னே போய்ச் சொல்லிருதேன்.

– நில்லு.

– பஸ்ஸு போயிரும்.

– வெளக்கு வைக்குததுக்கு முந்தி. ஆறு மணி இருக்கும்.

– ஆரு வீட்டுல?

– இந்த வீட்டுலதான். என்னைப் பாக்காத மைனி, சொல்லி முடிச்சிருதேன். ஒரு கொதிதான் கொதிச்சுது. சின்ன உள்ளியும் நல்லமிளகும் போட்டு வதக்கினேன். அவுக ஒரு கும்பா தின்னாக. நான் ரெண்டு வாய். அதுக்கே நேத்து முழுசும் கொல்லையிலதான் கெடந்தேன். ஒருத்தர்ட்ட மூச்சு விடலை.

– அண்ணன் அண்ணன்னு வாய் நெறையக் கூப்பிடுவியே.

– கூப்பிடுவேன்.

– சரி. பொழுதனைக்கும் காளான் பறிக்குதவ நீ. ஒங் கைக்குத் தெரியாதா?

– நான் பறிக்கலை மைனி. மழைக்குள்ள நீ போகாண்டாம்னு அவுகளே பறிச்சு, தண்டை வெட்டி, மேல்தோலை உரிச்சு, வாழையெலையில பூ மாதிரி கெட்டிக் கொண்டாந்தாக. மூக்கும் இல்ல, மோதிரமும் இல்ல, வேரும் இல்ல. வெள்ளை வெளேர்னு இருந்துச்சு. மஞ்சப்பொடி தூவிப் பாத்துட்டேன், நெறம் மாறலைன்னு அவுகதான் சொன்னாக. மஞ்சளுக்கு என்ன தெரியும்? ஒரு தண்டையாவது காட்டுங்கன்னு கேட்டிருக்கணும். ஆசையாக் கொண்டாந்த ஆளுகிட்ட எப்படிக் கேக்க?

– எத்தனை நாளா?

– அதையும் டாக்டர் கேட்டாரா?

– இது நான் கேக்கேன்.

– போன சஷ்டியிலருந்து.

– போன சஷ்டிக்கும் நீதான என்னைப் பஸ் ஏத்திவிட்ட. ஒரு சீப்பு வாழைப்பழத்தை மடியில வச்சு, நல்லா வேண்டிக்கோ மைனி, அடுத்த வருசம் தொட்டில் கெட்டணும்னு சொன்ன. நானும் ஒம் பேரையும் சேத்து வேண்டிட்டு வந்தேன்.

– என்னைச் செருப்பால அடி. எம் புருசன் இசக்கியப்பன் தூத்துக்குடி புது ஆர்பர்ல கப்பலுக்கு உப்பு மூட்டை ஏத்திட்டுச் சனிக்கிழமை வருவாரு, அவர்ட்டயும் சொல்லு. வெட்டுனா வெட்டட்டும். இப்ப பஸ்ஸைப் பிடி. ஆறு மணி, ஒரு கும்பா, பேய்க்காளான். மறந்துராத. நான் ரெண்டு வாய் தின்னு எந்திரிச்சிட்டேன்னும் சொல்லு, டாக்டருக்கு ஒத்தாசையா இருக்கும். ஊருக்குத் தெரிஞ்சாத் தெரிஞ்சுட்டுப் போவுது. அவுக பொழைக்கணும்.

– பொழைச்சாச்சு.

– என்ன சொல்லுத?

– நேத்துச் சாயங்காலமே எந்திரிச்சு உக்காந்து கஞ்சி குடிச்சாச்சு. டாக்டர் ஒண்ணும் கேக்கலை பேச்சி. போலீஸ் ஏட்டையாதான் வந்து கேட்டாரு. எங்க மேல உள்ள பகையில நீயே காளானை ஆக்கி, வீடு தேடிக் கொண்டாந்து குடுத்தன்னு எம் புருசன் எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்காரு.