அலசாத காலுறை

துணி துவைப்பதில் எனக்கு ஒருநாளும் சலிப்பு வந்ததில்லை. அரிமளத்தில் எங்கள் தெருப் பெண்கள் அதைச் சொல்லிச் சிரிப்பார்கள். மற்ற துணியை யார் துவைத்தாலும் சரி, வனிதாவின் காலுறைகளை மட்டும் நான் யாரிடமும் கொடுக்கமாட்டேன். என் தங்கைக்கு இடது முழங்காலுக்குக் கீழே கால் இல்லை. சிறு வயதில் டிராக்டர் ஏறிவிட்டது. மிச்சமிருக்கும் அந்தக் கால் துண்டில் பருத்திக் காலுறையை மாட்டி, அதன்மேல் செயற்கைக் காலைப் போட்டுக்கொள்வாள். அந்த உறையில் சோப்புக் கொஞ்சம் தங்கினாலும் போதும், வியர்வையோடு சேர்ந்து தோலை அரித்துவிடும். செயற்கைக் கால் கொடுத்த ஆஸ்பத்திரியிலேயே இதைத் தெளிவாகச் சொல்லியிருந்தார்கள். ஆகவே தெரியாமல் செய்தேன் என்று உங்களிடம் சொல்லப்போவதில்லை, மேடம்.

பள்ளிக்கூடத்துக்கு அவளை முதுகில் சுமந்துபோனது நான்தான். கால் வந்த பிறகு நடந்தாள், அப்புறம் ஓடினாள். மாவட்டப் போட்டியில் ஜெயித்து வந்த அன்று டீக்கடை நாகராசு என்னைப் பார்த்துக் கேட்டார்: "என்ன சேவுகா, இனிமே லோடு இல்லையா ஒனக்கு? முதுகை வாடகைக்கு விடலாமுல்ல?"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

மாநிலப் போட்டிக்கு முன்னால் ஒருநாள் அவசரத்தில் சரியாக அலசவில்லை. அது வேண்டுமென்று செய்ததல்ல. கால் புண்ணாகி, அவளால் ஓட முடியாமல் போயிற்று. ஆஸ்பத்திரி வாசலில் என் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுதாள். அப்படியே தூக்கிக்கொண்டு பஸ் ஸ்டாண்டுவரை நடந்தேன். வழிவிட்டு ஒதுங்கியவர்கள் என்னைப் பார்த்த பார்வை எனக்குப் பிடித்திருந்தது. இதைச் சொல்லும்போது உங்கள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

ஓட்டத்தை விட்டுவிட்டுக் குண்டு எறிய உங்களிடம் பயிற்சிக்கு வந்தாள். உட்கார்ந்து எறிவதற்கான அந்த உயரமான நாற்காலியில் அவளைத் தூக்கி வைத்து, தொடையில் பட்டையை இறுக்கிக் கட்டுவேன். எறிந்து முடித்ததும் என்னைத்தான் திரும்பிப் பார்ப்பாள். அந்தக் காலம் முழுக்கக் காலுறையைத் தண்ணீர் தெளியும்வரை அலசினேன். புண் சுவடு தெரியாமல் ஆறியது. பதக்கம் வாங்கிய மேடையில், "எங்கண்ணன் இல்லாட்டி நான் இல்லீங்க" என்றாள். நான் நல்லவனாகவும் இருந்திருக்கிறேன் என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

அப்புறம் நீச்சல். அவளுடைய தோளைப் பார்த்து, நீந்திப் பார்க்கலாமே என்று சொன்னது நீங்கள்தான். குற்றமாகச் சொல்லவில்லை. குளத்தின் விளிம்பில் காலைக் கழற்றி என்னிடம் நீட்டிவிட்டு நழுவி இறங்கினாள். தண்ணீருக்குள் அவளுக்கு எதுவும் குறையவில்லை. நாற்காலி வேண்டியிருக்கவில்லை, பட்டை வேண்டியிருக்கவில்லை. அவள் மறுகரைக்குப் போய்க்கொண்டிருந்தாள். நான் அந்தக் காலை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

தேசியப் போட்டிக்கான தேர்வு நெருங்கியபோது ஒரு காலையில் சொன்னாள்: "அண்ணே, நீ எதுக்கு வெட்டியா அலையுற? நானே பஸ்ல போயிட்டு வாரேன்."

"கூட்டமா இருக்கும் ஆத்தா. மிதிச்சுருவாங்க."

"மிதிக்கட்டும். எனக்கா வலிக்கப்போவுது?"

கண்டக்டர் நீட்டிய கையைப் பிடிக்காமலே ஏறினாள். ஜன்னலிலிருந்து கையாட்டினாள். பஸ் திரும்பியதும் நான் வீட்டுக்கு வந்து காலுறைக்குச் சோப்புப் போட்டேன். அலசாமல் பிழிந்து கொடியில் போட்டேன்.

தினமும் அப்படிச் செய்யவில்லை. புண் ஆறத் தொடங்கினால் மட்டும். உங்களுக்குத் தெரிந்தால் தேர்வுக்கு அனுப்பமாட்டீர்கள் என்று அவள் புண்ணை மறைத்தாள். என்னிடம் மட்டும் காட்டினாள். மருந்து தடவிவிட்டதும் நான்தான், மெதுவாகத்தான் தடவினேன். குளத்துத் தண்ணீரில் ஊறி, செயற்கைக் காலுக்குள் புழுங்கிச் சீழ் வைத்தது. காய்ச்சலில் கிடந்தபோதும், "தேர்வு முடியட்டும்ணே, யார்ட்டயும் சொல்லிராத" என்று கெஞ்சினாள். அவளுக்கு வாக்குக் கொடுத்திருந்தேன். காப்பாற்றினேன். தேர்வு நாள் வந்தபோது சீழ் எலும்புவரை போயிருந்தது. முழங்காலையும் சேர்த்து எடுத்தார்கள். அதற்குக் கையெழுத்துப் போட்டதும் நான்தான்.

நேற்று நீங்கள் அவளைப் பார்க்க வந்தீர்கள். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப் போன அன்று நான் காயப்போட்ட காலுறை கொடியில் விறைத்துக் கிடந்தது. தொட்டுப் பார்த்தீர்கள். ஒரு மக்கில் தண்ணீர் மொண்டு அதை முக்கினீர்கள். நுரை எழும்பியது.

"இதை யாரு துவைச்சது?" என்றீர்கள்.

உள்ளே படுத்திருந்த வனிதா குரல் கொடுத்தாள்: "அண்ணன்தான் மேடம். அது வேற யாரையும் தொட விடாது." அந்தக் குரலில் இருந்த பெருமைதான் என்னைத் தூங்கவிடவில்லை. உடனே அவள் வேறு பேச்சுக்குப் போய்விட்டாள்: "பளு தூக்குறது படுத்துக்கிட்டேதானாமே மேடம்? அதுக்குக் கால் வேணாமுல்ல?"

நீங்கள் மக்கைக் கீழே வைத்தீர்கள்.

எல்லாம் தெரிந்தே செய்தேன். அவளிடம் சொல்லுங்கள், போலீசிலும் சொல்லுங்கள், தடுக்கமாட்டேன். ஒன்றை மட்டும் யோசித்துவிட்டுச் சொல்லுங்கள், மேடம். இனிமேல் பயிற்சிக்கு அவளை யார் தூக்கிக்கொண்டு வருவார்கள்?