கடைசி வாய்க்கால் குளிசை

எங்கள் பக்கத்தில் மருந்து என்றால் கசக்க வேண்டும், டொக்டர் ஐயா.

நீங்கள் வவுனியாவிலிருந்து ஜீப்பில் இவ்வளவு தூரம் குலுங்கி வந்து, சிற்றம்பல விதானையார் குளிசையை ஒழுங்காகக் குடித்தாரா என்று கேட்கிறீர்கள். குடித்தார். ஒரு வேளை தவறவிடவில்லை. ஆனால் முதலில் கசப்பைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்ல விடுங்கள். காடு வெட்டி இந்தக் குடியேற்றத்துக்கு வந்த சனம், முதல் மூன்று வருடமும் சோற்றைவிட மலேரியாக் காய்ச்சலுக்கான கொயினாவைத்தான் அதிகம் விழுங்கியது. அதனால் இவர்களுடைய நாக்கை ஏய்ப்பது சுலபமில்லை. வைத்த உடனேயே மருந்தா, வெறும் சுண்ணாம்பா என்று சொல்லிவிடுவார்கள்.

என்னைப் பற்றியும் சொல்லவேண்டும். முல்லைத்தீவுக் கரையில் வலை இழுக்கிற பஸ்தியாம்பிள்ளையின் மகன் நான். வள்ளம் ஆடினால் வாந்தி எடுக்கிறவன் என்பதால் அவர் என்னை மருந்து கலக்கப் படிக்க அனுப்பினார். துணுக்காயிலிருந்து ஆறு மைல் காட்டுக்குள் இருக்கும் இந்த டிஸ்பென்சரிக்கு வந்து ஒன்றரை வருடம். சனம் என்னை டொக்குத்தர் என்கிறது. அந்தப் பதவி உயர்வுக்கு அரசாங்கம் பொறுப்பல்ல.

விதானையாரை நீங்கள் நோயாளியாகத்தான் பார்த்தீர்கள். எங்களுக்கு அவர் தண்ணீர். குளத்துத் துருசைத் திறந்து தண்ணீர் விடுவதும் பூட்டுவதும், எந்த வாய்க்காலுக்கு எத்தனை நாள் என்பதும் அவருடைய வாயில்தான் இருந்தது. நான் வந்து இரண்டாம் மாதம் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு வந்தார்.

"தம்பி, உள்ளுக்கை ஒரு கோழி செட்டை அடிக்குது."

"சேவலோ, பேடோ?"

"உமக்குப் பகிடி. எனக்குச் சீவன் போகுது."

நாடியைப் பிடித்தேன். கள்ளுக் குடித்தவன் வரம்பில் நடப்பதுபோல இருந்தது. நான்கு எட்டு ஓட்டம், ஒரு நிற்பு, பிறகு இரண்டு தடக்கல். உங்களிடம் அனுப்பினேன். நீங்கள் என்னையும் கூப்பிட்டு இருதயத்தைக் கடதாசியில் கீறிக் காட்டினீர்கள். மேலறை அடிக்கவில்லை, நடுங்குகிறது. நடுங்குகிற அறையின் மூலையில் இரத்தம் தேங்கி உறையும். உறைந்தது கழன்றால் தலைக்குப் போகும். குயினிடின் மாத்திரை கொடுத்தீர்கள். முதலில் இருதயத்தை வழிக்குக் கொண்டுவர, பிறகு வழியில் வைத்திருக்க. மாதம் ஒரு பொட்டலம் மல்லாவி பஸ்ஸில் வரும்.

எட்டாம் நாள் நாடி நேரானது. ஆள்தான் கோணலானார்.

காரணமில்லாமல் சத்தம் போட்டார். கதிரையை உதைத்தார். கடைசி வாய்க்கால்காரர் இருபத்திரண்டு குடும்பத்தையும் கள்ளர் என்று திட்டி, அவர்களுடைய தண்ணீர் முறையில் இரண்டு நாளை வெட்டினார். அந்த வாய்க்காலில் வயல் செய்கிற இளையதம்பி என்னிடம் வந்து தலையைச் சொறிந்தான்.

"முந்தி இந்த மனுசன் இப்பிடி இல்லை, டொக்குத்தர்."

நான் நம்பவில்லை. வயற்காரர் எப்போதும் போன போகத்தைத்தான் புகழ்வார்கள். அந்தக் கடைசி வாய்க்காலின் கடைசி வயல் துண்டை என் மனைவி யூலிற்றா குத்தகைக்கு எடுத்திருந்தாள். இது கதைக்குத் தேவையில்லை. நேர்மைக்காகச் சொல்கிறேன்.

இந்தச் சிறுபோக விதைப்புத் தொடங்கிய புதிதில் பாலம் உடைந்து மல்லாவி பஸ் ஒன்பது நாள் வரவில்லை. குளிசை முடிந்தது. கோழி திரும்ப வந்தது. மூன்றாம் நாள் விதானையார் குளக்கட்டில் சப்பாணி கட்டி இருந்து சிரித்துக்கொண்டிருந்தார்.

"திறந்து விடுங்கோடா தண்ணியை. போகேக்கை குளத்தையே கொண்டுபோகப் போறனோ?"

எனக்கு ஒரு பூசணிக்காய் அனுப்பினார். பிறகு அவரே வந்து ஒரு மணித்தியாலம் கதைத்தார். மூத்த மகள் கமலாசனிக்குக் கார்த்திகையில் பிள்ளை பிறக்கப் போகிறது, அதைக் கையில் வாங்கிவிட்டால் போதும் என்றார். யானை துரத்தித் தான் பாலைமரத்தில் ஏறிய கதையை, யானைக்குப் பரிந்து சொன்னார். எனக்கு அந்த மனிதரை மிகவும் பிடித்துவிட்டது. அன்று ஒரு உண்மையைக் கண்டுபிடித்ததாக நினைத்தேன்: நெஞ்சு சுகமாக இருந்தால் மனிதன் சாவை மறக்கிறான், மறந்தால் துருசைப் பூட்டுகிறான்.

பொட்டலம் வந்தது. கொடுத்தேன். நான்காம் நாள் இளையதம்பியின் மண்வெட்டியைப் பறித்து வாய்க்காலில் எறிந்தார்.

பிள்ளைத்தாய்ச்சிகளுக்குக் கொடுக்கும் கல்சியக் குளிசையும் உங்கள் குளிசையும் ஒரே அளவு, ஒரே வெள்ளை. கசப்புத்தான் குறை. கொயினாத் தண்ணீரில் ஒருமுறை முக்கி எடுத்தால் அந்தக் குறையும் தீரும். நிழலில் உலர்த்தவேண்டும். வெயிலில் வெடிக்கும்; பதினொரு குளிசையைக் கெடுத்துத்தான் கற்றுக்கொண்டேன். விதானையார் என் முன்னாலேயே ஒன்றை நாக்கில் வைத்து முகத்தைச் சுளித்தார்.

"ம். இது மருந்து."

தொழில்காரனுக்கு வேறு என்ன பாராட்டு வேண்டும்?

நான் அநியாயக்காரன் இல்லை. மேல் வாய்க்கால்களின் முறை நடக்கும் கிழமை ஏழு நாளும் அசல் குளிசை. கடைசி வாய்க்காலின் முறை வரும் கிழமை என்னுடைய குளிசை. தண்ணீரைப் போலவே மருந்தையும் முறை வைத்துக் கொடுத்தேன். என்னுடைய கிழமைகளில் அவர் வாய்க்கால் ஓரமாக நடந்து, பயிரைத் தடவிப் பார்த்து, பிள்ளைகளுடன் பகிடி விட்டார். சனம் அவரைக் கண்டு ஒளிப்பதை நிறுத்தியது. நான் ஒருவருக்கும் தீங்கு செய்யவில்லை, ஐயா. அவருக்குள் இருந்த நல்ல மனிதரைப் பராமரித்தேன்.

ஆவணியில் குளம் இறங்கியது. நெல் குடலைப் பருவம். கதிர் வெளியே வரப்போகும் நேரம். அப்போது தண்ணீர் தவறினால் வைக்கோல்தான் மிஞ்சும். ஆகவே என்னுடைய கிழமையை இன்னொரு கிழமைக்கு நீட்டினேன். பிறகு இன்னொன்றுக்கு. மொத்தம் இருபத்தொரு நாள். விதானையார் துருசைப் பூட்டவேயில்லை. கால் கொஞ்சம் வீங்கியது. என் வாசலில் உள்ள மூன்று படியை ஏற இரண்டு தரம் நின்றார்.

"கோழி இப்ப முட்டை இடப்போகுது போலை, தம்பி," என்றார்.

எனக்கு இரக்கம் வந்தது. நெல்லும் பால் பிடித்திருந்தது. உடனே அசல் குளிசையைக் கொடுத்தேன். மூன்றாம் நாள் காலை நாடி மணிக்கூடு போல அடித்தது. அந்தச் சந்தோசத்தில் இரண்டு நிமிடம் அவருடைய கையை விடாமல் வைத்திருந்தேன். மத்தியானம் குளக்கட்டில் அவருக்கு வாய் கோணியது, வலக்கை விழுந்தது. மூன்று நாள் பேச்சில்லாமல் கிடந்து போய்விட்டார்.

கவனியுங்கள், ஐயா. அப்போது அவர் வயிற்றில் இருந்தது உங்களுடைய அசல் குளிசை. நேராக அடிக்கத் தொடங்கிய இருதயம் மூலையில் உறைந்து கிடந்ததைத் தள்ளிவிட்டது என்று நீங்கள் சொல்லத் தேவையில்லை. நீங்கள் கீறிய படம் நினைவிருக்கிறது.

எட்டாம் நாள் சடங்கான எட்டுச்செலவு முடிந்த மறுநாள் அவருடைய மனைவி அன்னபாக்கியம் மிச்சக் குளிசையைப் போத்தலோடு கொண்டுவந்தார். போத்தலைக் கழுவித் துடைத்திருந்தார்.

"நீங்கள் இல்லாட்டி அவர் போன வருசமே போயிருப்பார், தம்பி," என்றார். பிறகு, சொல்லலாமா என்று யோசித்து, சொன்னார். "இந்தக் குளிசை சில கிழமை ஒத்துக்கொள்ளும். சில கிழமை காதுக்குள்ளை ஆயிரம் வண்டு இரையுது எண்டு சுவரிலை தலையை முட்டுவார். வயித்தாலையும் போகும், நித்திரையும் இல்லை. அந்த நேரத்திலைதான் ஆரெண்டும் பாராமல் ஏசுறது. அதுக்கு முந்தி அவர் வீட்டிலைகூட உரத்துக் கதைச்ச மனுசன் இல்லை."

"எனக்கு ஏன் சொல்லவில்லை, அக்கா?"

"சொன்னால் நீங்கள் குளிசையை நிப்பாட்டிப் போடுவியள் எண்டு பயந்தவர். பேரப்பிள்ளையைக் காணவேணுமாம். நல்லாய்ப் பொறுத்தவர்."

அன்னபாக்கியம் திரும்பிப் போன பிறகு அழுதேன். மனிதர் நல்லவரானது சாவுப் பயத்தால் அல்ல, காதில் வண்டு ஓய்ந்ததால்தான். இது எனக்குத் தெரியாமல் போய்விட்டதே என்று யூலிற்றாவிடம் சொல்லிச் சொல்லி அழுதேன். உங்களிடமும் அப்படியே சொல்வதாகத்தான் இருந்தேன்.

ஆனால் முதல் பொட்டலத்தோடு நீங்கள் அனுப்பிய கடிதத்தை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். காதில் இரைச்சலா, வயிற்றுப்போக்கா என்று கிழமைக்கு ஒருமுறை நோயாளியைக் கேள், ஓம் என்றால் அளவைப் பாதியாக்கு, எனக்கு எழுது என்றிருந்தது. நல்ல தெளிவான கையெழுத்து. நான் ஒருமுறையும் கேட்கவில்லை. மண்வெட்டியை எறிந்த அன்று நான் உரத்துக் கதைத்தும் அவர் மூன்று தரம் "என்ன, என்ன" என்று காதைப் பொத்தினார். குளிசைதான் காதில் இரைகிறது என்று எனக்கு அன்றைக்கே விளங்கிவிட்டது.

பாதிக் குளிசையில் அவர் எப்படிப்பட்டவராக இருப்பார் என்று எனக்குத் தெரியாது, ஐயா. என்னுடைய குளிசையில் தண்ணீர் வரும் என்று தெரியும். யூலிற்றாவின் துண்டில் இந்த முறை ஏக்கருக்கு நாற்பது புசல் நெல் விளைந்தது.