ஸக்கீனாவையும் சேர்த்துத்தான்

ஏழு பதினாறு. கரண்ட் போகிறது.

முதலில் தண்ணீர் பிளான்ட்டின் மோட்டார் நிற்கிறது. பிறகு ட்யூப்லைட். பிறகு மூன்று டயாலிசிஸ் மிஷின்களும் ஒன்றாகக் கத்துகின்றன. வெளியே ஒரு விசில். நீளமாக. அது நின்றதும் வெடி. ஜன்னல் கண்ணாடி மொத்தமும் உள்ளே வந்து கொட்டுகிறது.

"லேட் ஜாவோ! சப் லேட் ஜாவோ!" வராண்டாவில் ஒரு ஆண் குரல் கத்துகிறது. எல்லோரும் படுங்கள் என்று.

படுக்கலாம். டயாலிசிஸில் இருக்கிறவர்கள் ஏற்கெனவே படுத்துத்தான் கிடக்கிறார்கள். எழுந்து ஓடத்தான் முடியாது. கையில் இரண்டு ஊசி. ஒன்றின் வழியே ரத்தம் மிஷினுக்குப் போகிறது. இன்னொன்றின் வழியே சுத்தமாகித் திரும்பி வருகிறது. எந்த நேரமும் ஒரு டம்ளர் ரத்தம் உடம்புக்கு வெளியே, குழாயில் இருக்கும். அதை உள்ளே விட்ட பிறகுதான் ஆளைக் கட்டிலை விட்டு இறக்கலாம்.

என் பெயர் செல்வி. வயது நாற்பத்தொன்று. பெங்களூரு தொம்மலூர், பழைய ஊர்ப்பக்கம். டயாலிசிஸ் மிஷின் ரிப்பேர் பார்ப்பது என் வேலை. சண்டை நடந்த அந்த மே மாதம் கம்பெனி என்னை ஜம்முவுக்கும் மேலே, எல்லைக் கோட்டை ஒட்டிய ஓர் ஊர் ஆஸ்பத்திரிக்கு அனுப்பியது. ஊர்ப்பெயரை எழுதவில்லை. அங்கே ஆட்கள் இன்னும் குடியிருக்கிறார்கள். ஆற்றுக்கு இந்தப் பக்கம் நாம். அந்தப் பக்கம் பாகிஸ்தான் கையில். நடுவில் ஓடுகிற ஆறு எங்கள் பெங்களூரு அல்சூர் ஏரியின் அகலம்கூட இல்லை.

போன வேலை, மூன்று மிஷினுக்கும் பேட்டரி மாற்றுவது. கரண்ட் போனால் பேட்டரிதான் பம்பைச் சுற்றும். செவ்வாய்க்கிழமை இரண்டுக்கு மாற்றிவிட்டேன். மூன்றாவதை நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டேன். இடுப்பு வலித்தது. வேறு காரணம் எதுவும் இல்லை. அன்று ராத்திரி தூரத்தில் இடித்துக்கொண்டே இருந்தது. விடியும்போது ஓய்ந்தது. ஓய்ந்ததை நம்பித்தான் புதன்கிழமை காலை ஆறு மணிக்கு மூன்று பேரை மிஷினில் போட்டோம். போடாமலும் இருக்க முடியாது. கிட்னி போனவர்களுக்குப் போரைச் சொல்லி லீவு கொடுக்க முடியாது.

மூன்றாம் மிஷினில் நஸீமா ஆபா. ஐம்பது வயது. பள்ளிக்கூடத்தில் மதியச் சாப்பாடு சமைக்கிறவர். ஆபா என்றால் அக்கா. எங்கள் தொம்மலூரில் பக்கத்து வீட்டு முஸ்லிம் அக்காவை நான் அப்படித்தான் கூப்பிடுவேன், இவரையும் அப்படியே கூப்பிட்டேன். எனக்குத் தெரிந்தது பெங்களூரு உருது. எதற்கும் 'நக்கோ' சொல்லுகிற உருது. வேண்டாம் என்பதற்கு நக்கோ. செய்யாதே என்பதற்கு நக்கோ. அந்த ஊரில் அந்தச் சொல் கிடையாது. நான் வாயைத் திறந்தாலே ஆபா சிரிப்பார். ஷாஹித் சிரிப்பான். ஷாஹித் அங்கே டயாலிசிஸ் டெக்னீஷியன். இருபத்தாறு வயது.

ஏழு பதினேழு. முதல் இரண்டு மிஷின்களும் பேட்டரியில் ஓடுகின்றன. ஷாஹித் அந்த இரண்டு பேரின் ரத்தத்தையும் திருப்பி விட ஆரம்பித்துவிட்டான். மூன்றாவதன் திரை கருப்பு. பம்ப் நின்றுவிட்டது.

குழாயை இறுக்கிப் பிடித்து, வெட்டிவிட்டு, ஆளைத் தூக்கிக்கொண்டு ஓடலாம். விதிமுறையில் அதற்கும் இடம் உண்டு. குழாயில் இருக்கிற ரத்தம் போனால் போகட்டும் என்று. ஆனால் ஆபாவுக்கு உடம்பில் இருப்பதே மற்றவர்களுக்கு இருப்பதில் பாதி ரத்தம். அந்த ஒரு டம்ளர் அவருக்கு உயிர்.

"செல்வி! சோடோ! பாகோ!" ஷாஹித் கத்துகிறான். விட்டுவிட்டு ஓடு என்று.

"நக்கோ!" என்றேன்.

மிஷினின் பின்னால் ஒரு கைப்பிடி சொருகியிருக்கும். பதினேழு வருட சர்வீஸில் அதைப் பயிற்சி வகுப்பில் மட்டும்தான் சுற்றியிருக்கிறேன். எடுத்தேன். பம்பில் மாட்டினேன். ரத்தத்தை உள்ளே தள்ளுகிற சலைன் பாட்டிலைத் திறந்தேன். சுற்றினேன். ஆட்டுக்கல் சுற்றுகிற வேகம்தான் இருக்க வேண்டும். வேகமாகச் சுற்றினால் காற்று உள்ளே போகும். காற்று போனால் ஆள் போய்விடும். ஒரு கையில் கைப்பிடி, மறு கையில் சலைன் பாட்டில். ஒரு கண் குழாயில். தலைக்கு மேலே விசில்.

குண்டுக்கு இரண்டு சத்தம் உண்டு. முந்தின நாள் ஆபாதான் சொல்லிக் கொடுத்தார். வருகிற குண்டு விசிலடிக்கும், பிறகு ஒரு மூச்சு இடைவெளி, பிறகு வெடிக்கும். போகிற குண்டுக்கு விசில் கிடையாது. நம் மலைக்குப் பின்னாலிருந்து 'டம்' என்று ஒரே ஒரு அடி. காதில் கேட்பதற்கு முன் நெஞ்சுக்கூட்டில் விழும்.

ஏழு இருபது. விசில். வெடி. கேட் பக்கம். கூரையிலிருந்து காரை உதிர்ந்து ஆபாவின் முகத்தில் விழுகிறது. துடைக்க எனக்குக் கை இல்லை.

ஏழு இருபத்திரண்டு. விசில். வெடி. வராண்டாவில். ஷாஹித் சுவரோடு போய் மோதினான். எழுந்தான். இடது காதைப் பொத்திக்கொண்டே அடுத்த கட்டிலுக்குப் போனான். 'லேட் ஜாவோ' என்ற குரல் அதற்குப் பிறகு கேட்கவில்லை.

ஏழு இருபத்துநாலு. டம். நம் பக்கத்திலிருந்து. டம். டம்.

என்னவென்று சொல்வது. பயந்து நிற்கிறவளுக்கு அந்தச் சத்தம் அமிர்தம். நமக்கும் ஆள் இருக்கிறது. நாமும் அடிக்கிறோம். நான் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே கத்தினேன்.

"போடு! அப்படிப் போடு!"

கிரிக்கெட்டில் சிக்ஸர் போனால் எங்கள் தெருவே கத்துமே, அதே குரல். தமிழில்தான் கத்தினேன். அங்கே யாருக்கும் புரியாது.

அப்போதுதான் ஆபாவின் உதட்டைப் பார்த்தேன். டம் என்று ஒவ்வொரு முறை அடிக்கும்போதும் அசைந்தது. ஒரே ஒரு பெயர்.

"ஸக்கீனா."

டம்.

"ஸக்கீனா."

ஏழு முப்பத்தொன்று. குழாயில் சிவப்பு போய் வெறும் சலைன் வருகிறது. நிறுத்தினேன். இறுக்கினேன். ஷாஹித் கால் பக்கம், நான் தலைப் பக்கம். போர்வையோடு தூக்கினோம். கீழ்த்தளத்தில் துணி வைக்கிற அறை. சனிக்கிழமை வரை அதுதான் வீடு. முப்பத்தாறு பேர், ஒரு கக்கூஸ்.

அங்கே வைத்துத்தான் கேட்டேன். ஸக்கீனா யார் என்று. ஆபாவின் அக்கா. தொண்ணூறுகளில் சண்டை மூண்டபோது புருஷனோடு ஆற்றைத் தாண்டிப் போனவர். திரும்ப முடியவில்லை. நேர் எதிர்க் கிராமம். வெள்ளிக்கிழமைகளில் இருவரும் அவரவர் கரையில் வந்து நிற்பார்களாம். ஆற்றுச் சத்தத்தில் பேச்சு கேட்காது. ஸக்கீனா சிவப்புத் துப்பட்டாவை ஆட்டுவார். ஆபா பதிலுக்குக் கரண்டியை ஆட்டுவார். முப்பது வருடத்துக்கு மேல் இதுதான் அக்கா தங்கை உறவு.

பிறகு ஆபா என்னைக் கேட்டார். சுற்றும்போது ஏதோ கத்தினாயே, என்ன அது என்று.

பொய் சொல்லியிருக்கலாம். கடவுள் பெயர் என்று சொன்னால் நம்பியிருப்பார். எனக்கு மனசு வரவில்லை. இன்னும் அடி என்று சொன்னேன் ஆபா, என்றேன். தரையைப் பார்த்துக்கொண்டுதான் சொன்னேன்.

ஆபா சொன்னார். "நம்ம பீரங்கி வெடிச்சா எனக்கும் முதல்ல தைரியமாத்தான் இருக்கு. அதுக்கப்புறம்தான் அது எங்கே போய் விழும்னு ஞாபகம் வருது." சொல்லிவிட்டு என் வலது கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். கைப்பிடி சுற்றிச் சுற்றி உள்ளங்கை கொப்புளித்திருந்தது.

வியாழக்கிழமை ஜெனரேட்டர் வந்தது. மூன்றாம் மிஷினுக்கு பேட்டரி மாற்றினேன். சுற்றிலும் வெடிக்கும்போதே ஆளுக்கு இரண்டு மணி நேரம் ஓட்டினோம். சனிக்கிழமை சாயங்காலம் சண்டை நின்றது என்று ரேடியோ சொன்னது. ஞாயிற்றுக்கிழமை நான் கிளம்பினேன். ஆபா வாசல் வரை வந்தார்.

தொம்மலூர். செவ்வாய்க்கிழமை. எங்கள் வீட்டுக் கூடம். டிவியில் பீரங்கிப் படத்தையே திரும்பத் திரும்பப் போடுகிறார்கள். பின்னால் சினிமா மியூசிக். என் தம்பி பாபு ஆபீஸ் கேப் ஓட்டுகிறவன். பிரியாணிப் பொட்டலத்தைப் பிரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். பீரங்கி வெடித்தது. "போடு! அப்படிப் போடு!" என்றான். என் குரல் அவன் வாயிலிருந்து வந்த மாதிரி இருந்தது. போய் டிவியை அணைத்தேன்.

"இன்னாக்கா, நேர்ல பாத்துட்டு வந்தவ நீ. நீயே ஆஃப் பண்ற?"

"நேர்ல பாத்ததாலதான்டா ஆஃப் பண்றேன்."

அவன் கோபித்துக்கொண்டு பொட்டலத்தோடு மாடிக்குப் போய்விட்டான்.

அடுத்த வாரம் ஆபாவின் குரல் மெசேஜ் வந்தது. நேராக ஆற்றைத் தாண்டி எந்தச் செய்தியும் வராது. ஆபாவுக்கே அது ஷார்ஜாவில் வேலை பார்க்கும் ஸக்கீனாவின் மகன் வழியாக வந்தது. ஸக்கீனா எருமையை அவிழ்த்துவிடத் தொழுவத்துக்குப் போயிருக்கிறார். கையில் போன். மகனோடு பேசிக்கொண்டே. பேச்சு பாதியில் அறுந்தது. தொழுவத்தின் மேல் குண்டு. புதன்கிழமை. அவர்கள் கடிகாரத்தில் ஆறு ஐம்பத்துநாலு.

அவர்கள் கடிகாரம் நமக்கு அரை மணி பின்னால். நான் விரல் விட்டே கூட்டினேன். இரண்டு முறை கூட்டினேன். ஏழு இருபத்துநாலு.

நான் கேட்ட அந்த மூன்று டம்மில் ஒன்றுதானா என்று எனக்குத் தெரியாது. யாருக்கும் தெரியாது. அந்தக் காலையில் அந்த ஆற்றங்கரை முழுக்கப் பீரங்கிகள் இருந்தன. நான் கத்தியதால் எந்தக் குண்டும் போகவில்லை, அதுவும் தெரியும். ஆனாலும் போன் போட்டேன். போட்டுவிட்டு அழுதேன். சொந்த அக்காவை இழந்தவள்போல நான் அழ, அக்காவை இழந்தவர் எனக்கு ஆறுதல் சொன்னார். என் பாஷையிலேயே.

"நக்கோ ரோ, செல்வி. நக்கோ ரோ."

அழாதே என்று.

கம்பெனியில் எனக்குப் பாராட்டு விழா வைத்தார்கள். நடந்ததை எழுதிக் கொடுங்கள், மேடையில் வாசித்துவிட்டு எல்லா கிளைக்கும் அனுப்புகிறோம் என்றார்கள். எழுதினேன். கடைசியில் செத்தவர்களின் பெயர்கள் மூன்றையும் எழுதினேன், ஆஸ்பத்திரியில் இரண்டு, அக்கரையில் ஒன்று. திருத்தி டைப் அடித்த காகிதம் என் கையெழுத்துக்கு வந்தது. பெயர்கள் இரண்டுதான் இருந்தன. கைப்பிடி இருந்தது. கொப்புளம்கூட இருந்தது. ஸக்கீனா இல்லை.

மேனேஜர் நல்ல மனிதர். ஈரோட்டுக்காரர். காபி வரவழைத்தார்.

"எல்லாம் சூப்பரா இருக்கு மேடம். அந்தக் கடைசிப் பேரு மட்டும் வேண்டாமே. அந்தப் பக்கத்து ஆளுங்க சாவு நமக்கு எதுக்கு? ஸ்வல்ப அட்ஜஸ்ட் பண்ணிக்குங்க."

ஸ்வல்ப என்றால் கன்னடத்தில் கொஞ்சம். இந்த ஊரில் எல்லாவற்றுக்கும் அதுதான் பதில். தண்ணீர் வராவிட்டால் அட்ஜஸ்ட். ரோடு குழியாக இருந்தால் அட்ஜஸ்ட். நானும் இங்கே பிறந்தவள்தான், நாற்பது வருடமாக அட்ஜஸ்ட் செய்துகொண்டு வந்தவள்தான்.

"சார், அந்தம்மா தங்கச்சியோட ரத்தத்தை நான் இந்தக் கையால சுத்தி உள்ள அனுப்பிருக்கேன். நீங்க அது வீரம்ங்கிறீங்க. அதே நேரத்துல அந்தம்மா செத்தாங்க. அத மட்டும் எப்படி சார் எடுக்கிறது?"

கையெழுத்துப் போடவில்லை. மேடைக்குப் போனேன். என் கையெழுத்திலிருந்த பழைய காகிதத்தையே வாசித்தேன், மூன்று பெயர்களோடு. கைதட்டல் பாதியில் நின்றது. முன்வரிசையில் ஒருவர் எழுந்து வெளியே போனார். கம்பெனி வாட்ஸ்அப் குரூப்பில் என்னைத் துரோகி என்று எழுதினார்கள். எழுதட்டும். எழுதியவர்களில் ஒருவருக்கும் விசிலுக்கும் டம்முக்கும் வித்தியாசம் தெரியாது. இப்போது என்னை வெளியூர் வேலைக்கு அனுப்புவதில்லை. ஆபீசிலேயே உட்கார்ந்து பேட்டரி டெஸ்ட் பார்க்கிறேன். ஒவ்வொரு பேட்டரியையும் அன்றன்றே பார்த்து முடித்துவிடுகிறேன், இடுப்பு வலித்தாலும்.

பாபு மட்டும் ஒருநாள் சாப்பிடும்போது கேட்டான். அந்தம்மா பேர் என்ன சொன்ன, ஸக்கீனாவா என்று. ஆமாம் என்றேன். அன்றைக்கு அவன் டிவி போடவில்லை.

மறந்துவிடக் கூடாது என்பதற்காக இழந்ததை இங்கே எழுதிவைக்கிறேன்.

டயாலிசிஸ் வார்டின் ஜன்னல்கள், ஒன்று பாக்கியில்லை. ஒரு தண்ணீர் லாரி. ஷாஹிதின் இடது காது, இனி கேட்காது என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஒரு எருமை. இரண்டு கரையிலும் ஒரு வெள்ளிக்கிழமை. ஆபா இப்போது ஆற்றுப் பக்கம் போவதில்லை.

ஹர்பன்ஸ். தண்ணீர் லாரி டிரைவர். பிளான்ட்டுக்குத் தண்ணீர் இறக்கிவிட்டு கேட் பக்கம் டீ குடித்துக்கொண்டிருந்தார்.

அஷ்ரஃப். ஆஸ்பத்திரிக் காவலாளி. வராண்டாவில் கத்தியது அவர்தான். பெயர் எனக்குப் பிறகுதான் தெரிந்தது. எல்லோரையும் படுக்கச் சொன்னவர், தான் மட்டும் படுக்கவில்லை.

ஸக்கீனா. ஆற்றுக்கு அந்தப் பக்கம்.

மொத்தம் மூன்று பேர். இரண்டு என்று திருத்தி யார் கொண்டுவந்தாலும் நான் கையெழுத்துப் போட மாட்டேன்.